முந்நூற்றுப் பன்னிரண்டு எட்டு

எங்கள் பள்ளிக்கூடத்தை இடித்த மறுவாரம்
இந்த வீட்டைத் திறந்துவிட்டார்கள்.
திறந்தது பின்கதவு.

ஒரு தெருவில் முகம், அடுத்த தெருவில் முதுகு,
அவ்வளவு நீளம்.
இரண்டாங்கட்டில் ஆறாம் வகுப்பு,
அடுப்படியில் ஏழு.
கரும்பலகையை ஆட்டுரலில் சாய்த்திருக்கிறேன்.
இது இரண்டாவது வருடம்.

தூணில் சாயக்கூடாது. சுவரில் கை படக்கூடாது.
கழிப்பறைக்குப் பூட்டு; அவசரமென்றால்
கண்மாய்க்கரைக் கருவேலங்காடு.
முன்வாசல், கேட்கவே வேண்டாம்.
இதையெல்லாம் முதல் நாளே சொன்ன அடைக்கலத்தண்ணன்
தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்;
அவரும் பின்கதவு வழியாக வருகிறவர்தான்.

முன்வாசல் திறக்காமல் இல்லை.
போன மாசியில் ஒரு படப்பிடிப்புக்குத் திறந்தது.
பதினொரு நாள்
நாங்கள் விடுமுறை விட்டோம்.

டிசம்பரில் சுற்றறிக்கை:
பத்தாம் தேதி உறுதிமொழி, புகைப்படம் எடுத்து அனுப்பவும்.
வரிசையில் நின்று கை நீட்டி
ஏழாம் வகுப்பு இருபத்து மூன்று பேரும் சொன்னார்கள்.
பிறகு பாடம். நன்றாகத்தான் நடத்தினேன்:
"குடுக்கிறவுக மனசு மாறினா நின்னுபோறது தருமம்.
யாரு மனசு மாறினாலும் நிக்காதது உரிமை."
எனக்கே பிடித்திருந்தது அந்த வாக்கியம்.

சகாயநாதன் எழுந்தான்.
"அப்ப இந்த வீடு எது டீச்சர்?"

தூணுக்குப் பின்னால்
அடைக்கலத்தண்ணனின் துடைப்பம் நின்றது.
மூன்று மாதமாக எனக்குத் தொகுப்பூதியம் வரவில்லை.
ஏப்ரலோடு ஒப்பந்தம் முடிகிறது.
"அடுத்த பக்கம் எடுங்க" என்றேன்.
எடுத்தார்கள்.
இருபத்து மூன்று தாள் ஒன்றாகப் புரளும் சத்தத்தை
அன்றுதான் கேட்டேன்.

மறுநாள் கணக்கு நோட்டில் ஒரு பக்கம்.
பஸ் நிற்கும் இடத்திலிருந்து
முன்வாசல் வழி, தொண்ணூற்றாறு எட்டு.
(உள்ளே யார் அளந்தது, எப்போது? நான் கேட்கவில்லை.)
தெருவைச் சுற்றி, முந்நூற்றுப் பன்னிரண்டு.
அதன் கீழே தனியாகக் கட்டம் போட்டு
பூமயில், அறுநூற்று எழுபது.
இடது காலில் இரும்புச் சட்டம்;
அவள் எட்டு சின்னது.

அடுத்த தாளில் கடிதம்.
அனுப்புநர், பெறுநர், பொருள், எல்லாம் முறைப்படி.
முன்வாசலைக் கேட்கவில்லை.
எங்கள் கட்டடம் எப்போது, கழிப்பறை எப்போது,
தேதி போட்டுப் பதில் எழுதவும் என்று
மாவட்ட ஆட்சியருக்கு.

உரிமைக்கு வல்லின றி போட்டிருந்தார்கள்.
சிவப்பு மையில் திருத்தினேன்.
'தயவுகூர்ந்து' எங்கேயும் இல்லை.
போன மாதம்தான், கடிதம் எழுதுதலில்,
அதற்காக அரை மதிப்பெண் குறைத்திருக்கிறேன்.
பேனா தானாக அந்த இடத்துக்குப் போனது,
ஒரு புள்ளியாக மை ஊறியது,
எடுத்துவிட்டேன்.

இருபத்து மூன்று கையெழுத்து.
கடைசியில் அளவுகோல் வைத்து ஒரு கோடு,
மேலே ஒன்றுமில்லை.
"அது உங்களுக்கு டீச்சர்" என்றாள் பூமயில்,
கோடிட்ட இடத்தை நிரப்புக என்பதுபோல.

அன்று நிரப்பவில்லை.
மூன்றாம் நாள் காரைக்குடி போகும் பஸ்ஸில்,
முழங்காலில் வைத்துப் போட்டேன்.
குலுக்கலில் என் கையெழுத்து மாதிரியே இல்லை.

தை பிறந்தும் பதில் வரவில்லை.
ஒரு காலை, முன்கதவில் ஒற்றைப் பலகை திறந்தது.
"நீ மட்டும் வா தாயி" என்றார் அடைக்கலத்தண்ணன்.
பூமயில் மற்றவர்களைத் திரும்பிப் பார்த்தாள்.
கால் வலித்திருக்கும். போனாள்.

மற்றவர்கள் சந்துக்குள் இறங்கினார்கள்,
ஒவ்வோர் எட்டையும் கத்தி எண்ணிக்கொண்டு,
சுவருக்கு உள்ளே அவளுக்குக் கேட்கும்படி,
அவருக்கும்.

பின்னால் நடந்த நானும் எண்ணினேன்.
எனக்கு இருநூற்று நாற்பதுதான் வந்தது.